அடைத்துக் கிடந்த பாதை

2019-ஆம் ஆண்டு சனவரியில் நமது பங்கில் ஒரு முதியவரை அடக்கம் செய்தோம். பனையேறிப் பிழைத்து மூன்று பெண்களுக்கு மணம் முடித்து வைத்தவர். ஒரே மகன் இராணுவத்தில் இருந்தார். மகன் வந்துவிடுவார் என்று உடலை ஒன்றரை நாள் வீட்டிலேயே வைத்திருந்தார்கள், அவர் வரவில்லை. பெட்டியை மூடும் வேளையிலும் அந்தத் தாய் தெருவைப் பார்த்தவாறே நின்றார். ஏழாம் நாள் திருப்பலியின் பிரசங்கத்தில், தொலைவில் பிழைக்கும் பிள்ளைகளைப் பற்றிப் பேச்சு வந்தது. “பணம் வரும் பாதை எப்போதும் திறந்திருக்கிறது, மகன் வரும் பாதைதான் அடைத்துக் கிடக்கிறது” என்று சொன்னோம். கோயிலில் ஒரு சலசலப்பு எழுந்து அடங்கியது. வாக்கியம் நன்றாக அமைந்துவிட்டது என்று நாம் உள்ளூர மகிழ்ந்ததையும் மறைப்பதற்கில்லை. அந்தத் தாய் இரண்டாம் வரிசையில் அமர்ந்திருந்தார்.

பாஸ்குத் திருநாள் கழிந்து, மே மாதத்தின் தொடக்கத்தில் மகன் வந்தார். தோளில் பையோடு நேரே கல்லறைத் தோட்டத்திற்குச் சென்றுவிட்டுப் பங்குமனைக்கு வந்து, தந்தைக்காகத் திருப்பலிக் கருத்து எழுதிக்கொள்ளுமாறு கேட்டார். ஏன் இத்தனை தாமதம் என்று நாம் கேட்காமல் இருந்திருக்கலாம், கேட்டோம்.

“சோஜி லா அடைச்சிருந்துச்சு சாமி. ரோடு இல்ல.”

காஷ்மீருக்கு அப்பால், திராஸ் என்னும் ஊரில் அவருடைய முகாம். செய்தி மறுநாளே கிடைத்துவிட்டது, விடுப்பும் கிடைத்தது, ஊரை விட்டு வெளியேறத்தான் வழியில்லை. ஹெலிகாப்டரில் இடம் கேட்டுப் பெயர் எழுதி வைத்திருக்கிறார்கள். ஒன்பது நாட்கள் மேகம் விலகவில்லை. பத்தாம் நாள் அவர் முறை வந்தபோது, அப்பாவை மண்ணில் வைத்தாயிற்றே, இனி நாம் போய் என்ன என்று எண்ணி, பிள்ளை ஆஸ்பத்திரியில் கிடக்கும் தோழர் ஒருவருக்குத் தம் இடத்தை விட்டுக்கொடுத்துவிட்டார். இதைச் சொல்லும்போது அவர் குரலில் குறையேதும் இல்லை. நமது பிரசங்கத்தைப் பற்றி அவருக்குத் தெரியாது என்று நினைத்துக்கொண்டோம். நாமாகச் சொல்லத் துணிவும் வரவில்லை.

அன்றிரவு நிலப்படத்தை எடுத்து அந்த இடத்தைத் தேடினோம். ‘லா’ என்னும் திபெத்தியச் சொல்லுக்கே கணவாய் என்றுதான் பொருளாம். ஆகவே சோஜி லா என்று மட்டும் எழுதுகிறோம். ஸ்ரீநகரிலிருந்து லே நகருக்குச் செல்லும் நானூறு கிலோமீட்டருக்கும் அதிகமான சாலையில், ஏறத்தாழ நூறாவது கிலோமீட்டரில் இது இருக்கிறது. உயரம் 3,528 மீட்டர். இமயத்தில் இது ஒரு பெரிய உயரமன்று. இதே சாலையில் பின்னால் வரும் போட்டு லா 4,108 மீட்டர். ஆயினும் பாதையை மூடுவது தாழ்ந்த சோஜி லாவே. மேற்கிலிருந்து ஈரம் சுமந்து வரும் குளிர்காலக் காற்று இந்த மலைச் சுவரில் மோதி, தன் சுமையையெல்லாம் இங்கேயே பனியாகக் கொட்டிவிட்டு, வறண்ட காற்றாக லடாக்கினுள் நுழைகிறது. ஒரு பக்கம் தேவதாருக் காடும் புல்வெளியும். மறுபக்கம் புல்லுக்கே பஞ்சமான பழுப்பு மலை. இரண்டு உலகங்களுக்கும் நடுவே இந்த ஒரு வாசல்தான். அது பல ஆண்டுகளில் ஐந்து மாதமும் அதற்கு மேலும் பூட்டியே கிடந்தது.

இந்த வாசலை நம்மவர் ஒருவரும் கடந்திருக்கிறார் என்பது பின்னரே நினைவுக்கு வந்தது. குருமடத்தில் திருச்சபை வரலாறு படித்த நாட்களில் இப்போலித்தோ தேசிதேரி என்ற பெயரைத் தேர்வுக்காக மனப்பாடம் செய்தோம். தேர்வு முடிந்ததும் மறந்தோம். இத்தாலியின் பிஸ்தோயா நகரில் பிறந்த சேசுசபைக் குரு. போர்த்துக்கீசரான மனுவேல் பிரைரே சுவாமியாருடன் திபெத்துக்குப் புறப்பட்டு, 1714 நவம்பரில் ஸ்ரீநகர் வந்து சேர்ந்தார். வழி பனியால் மூடிக்கிடந்தது. என்ன செய்வது? காத்திருந்தார். ஆறு மாதம் பாரசீக மொழி கற்றுக்கொண்டு காத்திருந்து, 1715 மே 17-இல் நடக்கத் தொடங்கினார். லேயை அடைந்தது சூன் 26-இல். சரியாக நாற்பது நாள் நடை. அவ்வாண்டு ஆண்டவரின் ஆரோபணத் திருநாள் மே 30-இல் வந்தது. எந்தப் பாறையின் நிழலில் அவர்கள் அத்திருநாளைக் கொண்டாடினார்களோ!

லாசா வரை சென்று, திபெத்திய மொழியிலேயே நூல்கள் எழுதும் அளவுக்குப் புலமை பெற்ற அந்தக் குரு, 1721-இல் அங்கிருந்து திரும்பினார். பின்னர் அவர் வந்து சேர்ந்த இடம் நமது புதுச்சேரி. அங்கே உட்கார்ந்து தமிழ் கற்றார். 1727 சனவரியில் கப்பலேறி உரோமைக்குச் சென்றபோது அவர் ஏற்றிருந்த பொறுப்பு, ஓரியூரில் 1693-இல் இரத்தம் சிந்திய அருளானந்தருக்கு முத்திப்பேறு பட்டம் கிடைக்கப் பாடுபடுவது. சோஜி லாவின் பனியை மிதித்த கால்கள் ஓரியூர்ச் செம்மண்ணின் வழக்கை உரோமைக்குக் கொண்டு சென்றன என்பதை அறிந்தபோது, வாழ்நாளெல்லாம் அருளானந்தர் திருநாளில் பிரசங்கம் செய்துவந்த நமக்குச் சற்று வெட்கமாகவே இருந்தது.

இன்னொரு செய்தியை அந்த மகனே ஒரு கடிதத்தில் எழுதியிருந்தார். அவர் பணிபுரிவது மெட்ராஸ் சாப்பர்ஸ் என்னும் பழம்பெரும் பொறியாளர் படையில். 1948-இல் சோஜி லாவும் திராசும் கார்கிலும் எதிரிகள் வசமாகி, லேக்குச் செல்லும் வழி அறுந்தபோது, அவ்வாண்டு செப்டம்பரில் கணவாயை மீட்கச் செய்த முயற்சிகள் தோற்றன. பின்னர், எவரும் நினைத்துப் பாராத ஒன்றைச் செய்யத் தளபதி திம்மையா துணிந்தார். டாங்கிகளின் மேற்கூண்டுகளைக் கழற்றி, மறைவாக ஸ்ரீநகருக்குக் கொண்டுவந்தார்கள். ஆனால் பால்தலிலிருந்து கணவாய்க்கு இருந்தது கோவேறு கழுதைகள் செல்லும் தடம் ஒன்றே. அதை டாங்கி ஏறும் பாதையாக வெட்டிக்கொடுத்தவர்கள் மேஜர் தங்கராஜுவின் தலைமையில் இருந்த மெட்ராஸ் சாப்பர்ஸ் வீரர்கள். நவம்பர் 1-ஆம் நாள் பனியினூடே டாங்கிகள் மேலேறின, கணவாய் மீண்டது. நாம் பள்ளியில் படித்த வரலாற்றில் டாங்கிகள் வந்தன. மண்வெட்டிகள் வந்ததாக நினைவில்லை.

2023 சூனில் வடக்கே ஒரு கருத்தரங்கு முடிந்தபின், குருமடத் தோழர் இருவருடன் சேர்ந்து அந்தச் சாலையில் செல்லும் வாய்ப்புக் கிட்டியது. சோனாமார்க்கில் மூன்று மணி நேரம் நிறுத்திவைத்தார்கள். மேலிருந்து இறங்கும் லாரிகள் இறங்கி முடித்தால்தான் கீழிருப்பவை ஏற முடியும். பாதை அவ்வளவு குறுகல். எங்கள் ஓட்டுநர் திராஸ்காரர், முஸ்லிம். ஏற்றம் தொடங்கியதும் அவர் வாய்க்குள் ஏதோ ஓதத் தொடங்கினார். பின்னிருக்கையில் நாம் செபமாலையை எடுத்தோம். உச்சிக்கு வரும் வரை இரண்டும் நிற்கவில்லை. பாதையின் விளிம்பில் தடுப்புச் சுவர் இல்லை. உருகிய பனிநீர் மண்ணைக் குழைத்துச் சேறாக்கியிருந்தது. கீழே, பால்தலில் அமர்நாத் யாத்திரிகருக்காக அடித்துக்கொண்டிருந்த கூடாரங்கள் சிந்திய அரிசிமணிகள் போலத் தெரிந்தன. ஒரு வளைவில் எதிரே வந்த லாரிக்காக வண்டியைப் பின்னோக்கி எடுத்தபோது, நமது செபமாலை மூன்றாம் தேவ இரகசியத்தில் இருந்ததா நான்காவதில் இருந்ததா என்பது நமக்கே தெரியவில்லை.

உச்சியில் வண்டியை நிறுத்தினார். கோடையிலும் சாலையோரத்தில் ஆள் உயரத்துக்கும் மேலாகப் பனி, கத்தியால் அறுத்தாற்போல் சுவராக நின்றது. எல்லைச் சாலை அமைப்பினர் ஆண்டுதோறும் இரு பக்கங்களிலிருந்தும் வெட்டிக்கொண்டே வந்து நடுவில் சந்திப்பார்களாம். குளிர்காலத்தில் உங்கள் ஊரில் என்ன செய்வீர்கள் என்று கேட்டோம். இந்தி தெரிந்த நம் தோழர் மொழிபெயர்த்துச் சொன்னார். மாவும் மண்ணெண்ணெயும் உலர்த்திய காய்கறியும் அக்டோபருக்குள் வீட்டுக்குள் வந்துவிட வேண்டும். முதல் பிள்ளையின் பேறுகாலம் சனவரியில் வருமென்று கணக்கிட்டதால், அக்டோபரிலேயே மனைவியை ஸ்ரீநகரில் உறவினர் வீட்டில் விட்டுவிட்டு வந்தாராம். “பிள்ளைக்கு மூன்றரை மாதம் ஆனபோதுதான் முகத்தைப் பார்த்தேன்” என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

அதன்பின் சுரங்கத்தின் வாயைக் கண்டோம். மலைக்கு மேலே ஏறாமல் அதன் வயிற்றினூடே பதின்மூன்று கிலோமீட்டருக்குச் சற்று அதிகமாகக் குடைந்து, பால்தலையும் அப்பக்கத்து மினாமார்க்கையும் இணைக்கும் வேலை. 2018 மே மாதம் அடிக்கல் நாட்டப்பட்டது. முதலில் எடுத்த ஒப்பந்தம் முறிந்து, வேறொருவர் கைக்கு மாறி, முதல் வெடி வெடித்தது 2020 அக்டோபர் 15-இல். சில மீட்டர் வெடித்துத் தகர்க்கிறார்கள். உடனே இரும்பாணிகளை இறக்கி, சிமெண்டுக் கலவையைப் பீய்ச்சி மலையைப் பிடித்து நிறுத்துகிறார்கள். மலை எப்படி அசைகிறது என்று அளந்து பார்த்த பின்பே அடுத்த சில மீட்டருக்குப் போகிறார்கள். உள்ளே மூச்சுவிட வேண்டுமே! அதற்காக மேலிருந்து செங்குத்தாக மூன்று காற்றுக் கிணறுகள். முடிந்துவிட்டால் மூன்று மணி நேரப் பயணம் இருபது நிமிடமாகும் என்கிறார்கள். முடியும் ஆண்டு 2026 என்றார்கள். பிறகு 2028 என்றார்கள். பனியைச் சீக்கிரமாக வெட்டும் முயற்சியும் நிற்கவில்லை: 2021-இல் 110 நாள் மூடிக்கிடந்த சாலை, 2023-இல் 68 நாளும், 2024-இல் 35 நாளும், 2025-இல் 32 நாளும் மட்டுமே மூடிக்கிடந்தது.

இதையெல்லாம் நாம் முழு மனத்தோடு வரவேற்கிறோமா? பேறுகாலப் பெண்ணையும் பெற்றவனுக்குக் கொள்ளி வைக்க இயலாத மகனையும் நினைத்தால், வரவேற்காமல் இருப்பது பாவம். எனினும் சோனாமார்க்கின் புல்வெளியில் சுற்றுலா வந்தவர்கள் வீசியெறிந்த பிளாஸ்டிக் குப்பையையும் கண்டோம். வாசல் ஆண்டு முழுதும் திறந்துவிட்டால் அப்பால் உள்ள ஊர்களுக்கு மருத்துவர் மட்டுமா வருவார்? திராஸ்காரரிடம் இதைக் கேட்டதற்கு, “சாலை இருந்தால் குப்பையைத் திருப்பியனுப்பவும் வழி இருக்கும்” என்றார். நமக்கு மறுமொழி தோன்றவில்லை.

2024 அக்டோபர் 20-ஆம் நாள் இரவு, நாம் கடந்து சென்ற அதே வழியில், ககன்கீர் என்னுமிடத்தில் சுரங்கத் தொழிலாளரின் முகாமுக்குள் துப்பாக்கியுடன் நுழைந்தவர்கள் ஏழு பேரைக் கொன்றார்கள். ஆறு பேர் அங்கே வேலை செய்தவர்கள்; ஒருவர் மருத்துவர். பீகாரிலிருந்தும் பஞ்சாபிலிருந்தும் கூலிக்கு வந்த மனிதர்கள், பிறர் வீடு திரும்புவதற்காக வழி குடைந்துகொண்டிருந்தவர்கள், பெட்டியில் வீடு திரும்பினார்கள். அவர்கள் வேலை செய்த சோனாமார்க் சுரங்கம், ஆறரைக் கிலோமீட்டர் நீளமுள்ளது, 2025 சனவரி 13-இல் திறக்கப்பட்டது. சோஜி லாவுக்கு முன்னுள்ள படி அது.

அந்தக் கொலை நடந்த இரு வாரத்தில் நம் ஊரில் கல்லறைத் திருநாள். நவம்பர் 2-ஆம் நாள் கல்லறைகளை மந்திரித்துக்கொண்டு வரும்போது, முதியவரின் கல்லறையில் சுண்ணாம்பு அடித்துக்கொண்டிருந்த மகனைக் கண்டோம், விடுப்பில் வந்திருந்தார். அடுத்த மே மாதம் நமக்கு மாற்றம் வரும் என்பது தெரிந்துவிட்டிருந்தது. மாலையில் அவர் வீட்டுக்குச் சென்றோம். சோஜி லாவைக் கண்டுவந்த கதையைச் சொல்லத் தொடங்கி, நடுவில் நிறுத்திவிட்டு, அந்த ஏழாம் நாள் பிரசங்கத்தில் சொன்ன வாக்கியத்தை எழுத்துப் பிசகாமல் அவரிடம் சொன்னோம். மன்னிக்கும்படி கேட்டோம், அவர் தாயிடமும் கேட்டோம்.

“தெரியும் சாமி. அம்மா அப்பவே போன்ல சொல்லிட்டாங்க” என்றார் மகன்.

அப்படியானால், மே மாதம் திருப்பலிக்கு எழுத வந்தபோதே அவருக்குத் தெரியும். தாய் ஒன்றும் பேசவில்லை. உள்ளே சென்று கருப்பட்டிக் காப்பி போட்டுக்கொண்டு வந்தார். மகனோ பழைய நாட்காட்டித் தாள் ஒன்றைக் கிழித்து, அதன் முதுகில் மலையை வரைந்து, சுரங்கம் எங்கே நுழைந்து எங்கே வெளிவரும் என்று தாய்க்குக் காட்டத் தொடங்கினார். தாய் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தார்.

“உள்ள பனி பெய்யாதா?”

“பெய்யாதும்மா.”

“எப்ப முடிப்பாங்களாம்?”

“இருபத்தெட்டுல முடியும்ங்கிறாங்க.”

தாய் விரல்விட்டு எண்ணினார்.

“நீ இருபத்தேழுலயே பென்சன்ல வந்துருவியேப்பா” என்றார்.