ரத்து பண்ணியாச்சு, வசூல் எப்போ?

"ஒப்பந்தம் ரத்து. அரசுக்கு ஏற்பட்ட இழப்பு ஒப்பந்ததாரரிடமிருந்து வசூலிக்கப்படும்." பாலமோ கட்டடமோ பாதியில் நிற்கும்போதெல்லாம் பேப்பரில் இந்த ரெண்டு வரி வந்துடும். படிச்சதும் நமக்கும் ஒரு திருப்தி. ரத்து நிஜமாவே நடக்கும். வசூல் நடந்ததுன்னு செய்தி படிச்சிருக்கீங்களா?

முதல்ல கணக்கு (பி.காம். படிக்கிறவன் வேற எங்கே ஆரம்பிப்பேன்!). ஒரு கற்பனைப் பாலம். டெண்டர் 10 கோடி ரூபாய். 4 கோடிக்கு வேலை முடிந்த நிலையில் காண்ட்ராக்டர் நிறுத்திவிடுகிறார். துறை நோட்டீஸ் கொடுத்து, ரத்து செய்து, மறு டெண்டர் விடுகிறது. பழைய ரேட்டில் மீதி வேலை 6 கோடி. இதற்குள் சிமெண்ட், கம்பி, கூலி எல்லாம் ஏறியாச்சு. புது ஆள் 9 கோடி கேட்கிறார். வித்தியாசம் 3 கோடி. 'ரிஸ்க் அண்ட் காஸ்ட்' என்று ஒப்பந்தத்தில் ஒரு ஷரத்து இருக்கும்: நீ முடிக்காததை உன் செலவில் இன்னொருத்தரை வைத்து முடிப்போம் என்று அர்த்தம். துறையின் கையில் இருப்பது பேங்க் கேரண்டியும், பில்லில் பிடித்து வைத்த டெபாசிட்டும்தான். அது 75 லட்சம் என்று வைத்துக்கொண்டால், பாக்கி 2.25 கோடிக்கு எங்கே போவது?

கோர்ட்டுக்குத்தான். அங்கேதான் சிக்கலே.

பிசினஸ் லா பாடத்தில் வரும் மௌலா பக்ஸ் வழக்கு ஞாபகம் இருக்கா? 1947-ல் ராணுவத்துக்கு உருளைக்கிழங்கு, கோழி, முட்டை, மீன் சப்ளை செய்ய ஒத்துக்கொண்டவர். சரியாக சப்ளை ஆகவில்லை என்று அரசு ஒப்பந்தத்தை ரத்து செய்து, 18,500 ரூபாய் டெபாசிட்டையும் எடுத்துக்கொண்டது. உச்ச நீதிமன்றம் 1969-ல் அதை ஏற்கவில்லை. உருளைக்கிழங்குக்கு மார்க்கெட் விலை என்று ஒன்று இருக்கிறது. வெளியே வாங்கியதில் எவ்வளவு நஷ்டம் என்று அரசு நிரூபித்திருக்கலாம், நிரூபிக்கவில்லை என்றது. 1872-ம் வருஷத்து ஒப்பந்தச் சட்டத்தின் 74-வது பிரிவு இதுதான். நஷ்டத்தைக் கணக்கிட முடியும் என்றால் கணக்கைக் காட்டு.

அடுத்தது 1987. கர்நாடகாவில் தீர்த்தஹள்ளி ரைஸ் மில் ஒன்றின் மேல், ஒப்பந்தத்தை மீறிவிட்டாய் என்று அரசே முடிவு செய்து, நஷ்டத்தையும் தானே கணக்குப் போட்டு, நிலவரி பாக்கி மாதிரி வசூலிக்கப் பார்த்தது. மில்லோ மீறவே இல்லை என்றது. தகராறில் ஒரு தரப்பாக இருப்பவரே நீதிபதியாகவும் இருக்க முடியாது என்று சொல்லிவிட்டது உச்ச நீதிமன்றம். கட்டுமான ஒப்பந்தத்துக்கும் இதே கதைதான். 2011-ல் ஜே.ஜி. இன்ஜினியர்ஸ் வழக்கில், தாமதத்துக்கு யார் காரணம் என்பதைத் துறையின் இன்ஜினியரே முடிவு செய்துவிட முடியாது என்று தீர்ப்பு.

இதெல்லாம் காண்ட்ராக்டருக்குச் சலுகை என்று சிலர் சொல்வார்கள். நான் ஒத்துக்க மாட்டேன். நிலத்தைக் கையகப்படுத்தித் தராமல், கரண்ட் கம்பத்தை நகர்த்தாமல், டிராயிங்கையும் லேட்டாகக் கொடுத்துவிட்டு "நீதான் தாமதம்" என்று சொன்ன துறைகளும் உண்டு.

இதில் எனக்கு இவ்வளவு அக்கறை ஏன்னா, எங்க மாமா சென்ட்ரிங் வேலை எடுத்துச் செய்பவர். எங்க ஊர்ப் பக்கம் இப்படி நின்ற ஒரு பாலத்தில் காண்ட்ராக்டருக்குக் கீழே வேலை பார்த்தார். ரத்து ஆன அன்று சைட்டைப் பூட்டினார்கள். மாமாவின் ஷீட்டும் முட்டுக் கம்பும் உள்ளே. ஆபீசில் போய்க் கேட்டால், "உங்களுக்கும் எங்களுக்கும் ஒப்பந்தம் கிடையாதே" என்கிறார்கள். சட்டப்படி அவர்கள் சொல்வது சரிதான். காண்ட்ராக்டரோ "கவர்மெண்ட் என் பணத்தைப் பிடிச்சு வெச்சிருக்கு, வந்ததும் தரேன்" என்கிறார். அத்தைக்கு அந்த 'வந்ததும்' என்ற வார்த்தையைக் கேட்டாலே கோபம் வரும்.

இந்த மாதிரி பாக்கிக்கு வழக்குப் போட மாமாவுக்கு 3 வருஷம்தான் அவகாசம். அரசுக்கு 30 வருஷம்! 1963-ம் வருஷ காலவரம்புச் சட்டத்தில் அப்படித்தான் இருக்கிறது. அதனாலேயே ஃபைல் தூங்குகிறதோ என்று எனக்குச் சந்தேகம்.

என்னைக் கேட்டால், வசூல் தோற்பது கோர்ட்டில் இல்லை, எம்-புக்கில். அதாவது அளவுப் புத்தகம். ரத்து செய்த அன்றே காண்ட்ராக்டரையும் கூப்பிட்டு, முடிந்த வேலையை அளந்து எழுதி இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டிருந்தால் "4 கோடி வேலை" என்பது ஆதாரம். ஆறு மாசம் கழித்து, மழையும் திருட்டும் போன பிறகு அளந்தால் அது வெறும் பேச்சு. மறு டெண்டரிலும் இப்படித்தான். சும்மா இருக்காமல் நடைபாதை, விளக்கு எல்லாம் சேர்த்து 9 கோடி ஆக்கிவிட்டால், எந்த வேலையின் வித்தியாசத்தை யாரிடம் கேட்பது? பழைய ஆள் நடைபாதை கட்டுவதாகச் சொல்லவே இல்லையே. மறு டெண்டரையே இரண்டு வருஷம் தள்ளிப் போட்டால், ஏறின விலை முழுக்க அவர் தலையிலா என்றும் கேள்வி வரும்.

உங்க ஊரிலும் பாதிப் பாலம் ஏதாவது இருந்தால், 10 ரூபாய் கட்டி தகவல் உரிமைச் சட்டத்தில் நாலு விஷயம் கேளுங்க: ரத்து செய்த தேதி, முடிந்த வேலையை அளந்த தேதி, மறு டெண்டர் தொகை, இதுவரை வசூலான தொகை. எங்க ஊர்ப் பாலத்துக்கு நான் அனுப்பி 12 நாள் ஆகுது. பதில் வந்தால் இங்கே போடறேன்.