கிரீக்கின் ஓராண்டு

நார்வே நாட்டு இசைமேதை எட்வர்ட் கிரீக், பியானோவுக்கும் வாத்தியக் குழுவுக்குமாக இயற்றிய இசையொன்றை வானொலியில் கேட்டேன். மலையருவி பாய்ந்திறங்குவது போன்றிருந்தது. அதன் வரலாற்றைப் பின்னரே படித்தறிந்தேன்.

1868 ஏப்ரலில் அவருக்குப் பெண்மகவு பிறந்தது, பெயர் அலெக்சாண்ட்ரா. அக்கோடையில் டென்மார்க்கின் சிற்றூர் ஒன்றில் தங்கி இவ்விசையை எழுதினார். இறுதிப் பகுதியில், நார்வே நாட்டுப்புற இளைஞர் துள்ளியாடும் 'ஹாலிங்' ஆட்டத்தின் தாளம் ஒலிக்கும். சிற்றூர் மக்களின் ஆட்டத்தைப் பேரரங்கில் ஏற்ற அவர் கூசவில்லை. எனக்கு மிகவும் பிடித்த இடமும் அதுவே.

1869 ஏப்ரல் 3ஆம் நாள் கோப்பன்ஹேகனில் அரங்கேற்றம். அலுவல் காரணமாக அவரால் வர இயலவில்லை. பாராட்டுகள் மட்டும் சென்றடைந்தன. மே 21ஆம் நாள் குழந்தை இறந்துவிட்டது.

இல்லத்தில் அவ்விசை ஒலிக்கும்போது, துள்ளல் தாளம் வந்ததும் என் மகள் எழுந்து ஆடுவாள். அலெக்சாண்ட்ராவைப் பற்றி அவளிடம் நான் இன்னும் கூறவில்லை.