பன்னிரண்டு அடி மண்சுவர்

கற்பனை ராஜ்ஜியம் ஒன்றை வரையச் சொன்னால் நம்மூர்ப் பிள்ளைகள் எல்லோரும் ஒரே கோட்டையைத்தான் வரைகிறார்கள். பாளையங்கோட்டையில் ஞாயிற்றுக்கிழமைகளில் ஏழெட்டுப் பேருக்கு ஓவியம் சொல்லிக்கொடுக்கிறேன், அந்த அனுபவத்தில் சொல்கிறேன். மலைமேல் கல்மதில், யானை நுழைகிற வாசல், உச்சியில் தங்கக் கலசம். மகிழ்மதிதான், பெயர் மட்டும் மாறியிருக்கும். பிள்ளைகளைக் குறை சொல்ல முடியாது. சாபு சிரில் போட்ட செட் அப்படி.

ஆனால் இந்தப் பாணி ‘பாகுபலி’யில் தொடங்கியதில்லை. 1959-ல் வந்த ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ படத்தின் போர்க் காட்சிகளை ஜெய்ப்பூரில் எடுத்தார்கள். ராஜஸ்தான் மணலும் குதிரைகளும் சிவாஜியின் குரலும் சேர்ந்து ஒரு பாஞ்சாலங்குறிச்சியை நமக்குக் கட்டிக்கொடுத்தன. என் தாத்தா தலைமுறைக்கு அதுதான் பாஞ்சாலங்குறிச்சி. 1974-ல் தமிழக அரசு அங்கே ஒரு நினைவுக்கோட்டையையும் எழுப்பியது. மதில், பெரிய வாசல், மண்டபம், உள்ளே கட்டபொம்மன் கதையைச் சொல்லும் சுவரோவியங்கள். பூம்புகார் சிலப்பதிகாரக் கலைக்கூடமும், தேர் வடிவில் வள்ளுவர் கோட்டமும் அந்தப் பத்தாண்டில் வந்தவையே. அழிந்துபோன நகரத்தையும் பார்த்தேயிராத காலத்தையும் கண்முன்னே நிறுத்திவிட வேண்டும் என்ற வேகம் அப்போது இருந்தது. எனக்கு அந்த வேகம் பிடிக்கும். தோற்றுப்போனவனுக்கு ஒரு கோட்டை கட்டித் தருவது சின்ன விஷயமில்லை.

எனக்குள்ள சங்கடம் வேறு. நிஜக் கோட்டை, நாம் கற்பனை செய்ததைவிடப் பெரிய அதிசயம்.

ஜேம்ஸ் வெல்ஷ் என்ற கம்பெனி அதிகாரி 1801 முற்றுகையில் நேரில் இருந்தவர். 1830-ல் வெளியான தன் நினைவுக் குறிப்புகளில் கோட்டையை அளந்தே சொல்கிறார். இரண்டு பக்கம் ஏறக்குறைய 500 அடி, மற்ற இரண்டு பக்கம் 300 அடி. சுவர் சுமார் 12 அடி உயரம். சின்னச் சின்னச் சதுரக் கொத்தளங்கள். வெளியே முள்வேலி. முழுக்க முழுக்க மண். அவ்வளவுதான். இப்போது பாளையங்கோட்டையில் ஒரு மாடி வீடு அதைவிட உயரம்.

இந்தச் சுவர் எப்படி வந்தது என்பதுதான் கதை. 1799 அக்டோபரில் கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்டார்கள். கோட்டையை இடித்தாயிற்று. தம்பி ஊமைத்துரையைப் பாளையங்கோட்டையில் அடைத்துவைத்தார்கள். (அந்தப் பழைய கோட்டையின் மிச்சக் கொத்தளத்தில்தான் பிற்பாடு மேடை போலீஸ் ஸ்டேஷன் வந்தது. தினமும் அந்த வழியாகத்தான் பஸ்ஸுக்கு ஓடுகிறோம்.) 1801 பிப்ரவரி 2-ம் தேதி ஊமைத்துரை தப்பினார். ஒரு வாரம் கழித்து மேஜர் மெக்காலே படையோடு போய்ப் பார்த்தால், தரைமட்டமாகக் கிடந்த இடத்தில் சுவர் எழும்பி நிற்கிறது!

மார்ச் 31-ம் தேதி பீரங்கியால் அடித்து உடைத்த இடத்தின் வழியாக ஏறப் பார்த்தார்கள், முடியவில்லை. பிணங்களை விட்டுவிட்டுத் திரும்பினார்கள். கூடுதல் படையும் பீரங்கியும் வந்துசேர்ந்து, மே 24-ல்தான் கோட்டை விழுந்தது. கல்மதிலில் குண்டு பட்டால் கல் தெறிக்கும், விரிசல் ஓடும், ஒரு பகுதி அப்படியே சரியும். மண்ணில் குண்டு போய்ப் புதைந்துகொள்ளும். சரிந்த மண்ணையும் ராத்திரியோடு ராத்திரியாக அள்ளி அப்பிவிடலாம். சிற்பி வேண்டாம், குவாரி வேண்டாம், கூடை தூக்க ஆள் இருந்தால் போதும்.

இது எனக்குப் புத்தகம் படிப்பதற்கு முன்பே ஒரு மாதிரி தெரியும். ஓட்டப்பிடாரம் பக்கம் எங்கள் ஆச்சியின் வீடு மண்சுவர் வீடு, இரண்டு அடி கனம். மாமா அதை இடித்துவிட்டு மாடி வீடு கட்டியபோது நான் பத்தாம் வகுப்பு. கடப்பாரையைப் போட்டால் உள்ளே போய்ச் சிக்கிக்கொள்ளும், சுவர் பெயர்ந்து வராது. வேலைக்கு வந்த அண்ணன் ஒருவர், “என்னடே இது, சுவரா இல்ல ரப்பரா?” என்று வியர்வையைத் துடைத்தார். ஒரு நாள் வேலை மூன்று நாள் ஆனது. புது வீட்டு முகப்பில் உருண்டைத் தூண்களும் வளைவும் வைத்தார்கள். பால்காய்ப்புக்கு எடுத்த போட்டோக்கள் ஆல்பம் நிறைய இருக்கின்றன. பழைய வீட்டுக்கு ஒன்றுகூட இல்லை.

கல்லூரியில் சேர்ந்த பிறகு ஆச்சியிடம் அந்த வீட்டைப் பற்றிக் கேட்டேன். “மண்ணு வீட்ல கெடந்தோம்னு போற எடத்துல எல்லாம் சொல்லிட்டுத் திரியாதய்யா” என்றாள். அந்தக் கூச்சம்தான் நினைவுக்கோட்டையிலும் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. பீரங்கியை எதிர்த்து நின்ற மண்ணை, மண் என்று சொல்லிக்கொள்ள நமக்கு மனசில்லை. வீரத்துக்கு உயரம் வேண்டியிருக்கிறது, வளைவு வேண்டியிருக்கிறது, ஜெய்ப்பூர் வேண்டியிருக்கிறது. நினைவுக்கோட்டைக்குப் பக்கத்திலேயே பழைய அரண்மனையின் அடித்தளம் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் கிடக்கிறது. போன முறை நான் அரைமணி நேரம் அங்கே நின்றேன். செல்ஃபி எடுப்பவர்கள் எல்லோரும் புது வாசலில்தான் இருந்தார்கள்.

ஒரு வாரத்தில் சுவர் எழுப்பியவர்களைப் பற்றி யோசிக்கும்போது இப்போதெல்லாம் தளபதிகள் என் நினைவுக்கு வருவதில்லை. வருஷா வருஷம் மழைக்கு முன்னால் தன் வீட்டுச் சுவரைத் தானே மெழுகிப் பழகிய கைகள் எத்தனை ஆயிரம் அங்கே கூடியிருக்கும்! அவர்களுக்கு யாரும் வரைபடம் தந்திருக்க வேண்டியதில்லை.

போன ஐப்பசியில் மறுபடியும் ஆச்சியிடம் போய் உட்கார்ந்தேன். வீட்டைப் பற்றிக் கேட்காமல், மண் எப்படிக் குழைப்பது என்று மட்டும் கேட்டேன். கூச்சம் எங்கேயோ போய்விட்டது. “கரிசல மட்டும் வச்சா வெடிச்சிரும்டே. செம்மண்ணு கலக்கணும். வைக்கோல நறுக்கிப் போட்டு, தண்ணி விட்டு, ரெண்டு மூணு நாள் புளிக்க விடணும். பெறவு மிதிக்கணும், மிதிக்கணும், கால்ல ஒட்டாம வார வரைக்கும் மிதிக்கணும்” என்றாள். சொல்லிக்கொண்டே கட்டிலில் உட்கார்ந்தபடி கால்களை மாற்றி மாற்றி அசைத்துக் காட்டினாள்.