பிளேடு போடுகிறேன், கேளுங்கள்!

நண்பர்களே! வகுப்பில் யாராவது நீட்டி முழக்கினால் "பிளேடு போடாதடா" என்போம். இன்று நான் போடப்போவது நிஜ பிளேடு. ஜிக்சா பிளேடு!

திண்டிவனத்தில் என் சித்தப்பாவுக்குச் சின்னத் தச்சுப்பட்டறை. போன வைகாசியில் ஒரு கல்யாணச் சீர்க்கட்டில் வேலை. மறுநாள் காலை வண்டி வரும். தலைமாட்டுப் பலகையில் வளைவு அறுக்க வேண்டும், பிளேடு மழுங்கிவிட்டது.

"விழுப்புரம்தானே போற, அஞ்சு பிளேடு வாங்கிட்டு வாடா. பழசைக் கையோட எடுத்துக்கோ" என்று 500 ரூபாய் கொடுத்தார்.

"எனக்குத் தெரியாதா சித்தப்பா? மெக்கானிக்கல்!" என்று வெறுங்கையோடு கிளம்பினேன்.

கடைக்காரர் கேட்டார்: "டி ஷாங்க்கா தம்பி, யூ ஷாங்க்கா?" தெரியாது என்று சொல்ல வாய் வரவில்லை. "யூ" என்று அடித்துவிட்டேன்.

மாலை பாசஞ்சரில் முண்டியம்பாக்கம், விக்கிரவாண்டி, பேரணி, மயிலம் தாண்டி வந்து சேர்ந்தால், சித்தப்பா மிஷினுக்கு வேண்டியது டி! அதன் மேல்முனையில் இருபுறமும் காது மாதிரி நீட்டியிருக்கும்; மிஷின் அதைத்தான் கவ்வும். யூ ஷாங்க்கில் காது கிடையாது, அரைவட்ட வெட்டு மட்டும்தான். தப்பை மறைக்க அரம் எடுத்து ராவினேன். சித்தப்பா கையைப் பிடித்துவிட்டார்.

"ஓடும்போது உருவிக்கிட்டு வந்தா கண்ணு போயிடும்டா."

அதற்குமேல் ஒரு வார்த்தை திட்டவில்லை. கைரம்பத்தால் அறுத்து, உளியால் செதுக்கி, அரம் போட்டு முடித்தபோது மணி இரண்டு. பலகையைப் பிடித்துக்கொண்டிருந்த எனக்கு அவர் முகத்தைப் பார்க்கத் தைரியம் இல்லை.

அடுத்த வாரம் பழைய பிளேடோடு போய்க் கற்றுக்கொண்டது இதுதான். முதலில் ஷாங்க். பிறகு பல். மரத்தில் வேகமாக அறுக்க இன்ச்சுக்கு 6 பல், சுத்தமாக அறுக்க 10 பல், மெல்லிய தகட்டுக்கு 20-க்கு மேல். தகட்டின் கனத்துக்குள் இரண்டு மூன்று பல்லாவது இருக்க வேண்டும். நம் ஃபிட்டிங் ஷாப் ஹேக்சா கணக்கேதான். வளைவுக்கு அகலம் குறைந்த பிளேடு. எச்.சி.எஸ். என்றால் மரம், எச்.எஸ்.எஸ். என்றால் இரும்பு. பல் பெரும்பாலும் மேல்நோக்கி வெட்டும். ஆகவே மைக்கா ஒட்டிய பலகையை முகம் கீழாக வைத்து அறுக்க வேண்டும், இல்லாவிட்டால் ஓரம் பெயரும்.

இன்னொரு சேதி. 1946-ல் சுவிட்சர்லாந்தின் சின்டில்லா கம்பெனியில் வேலை பார்த்த ஆல்பர்ட் காஃப்மன், தையல் மிஷினில் ஊசிக்குப் பதில் ரம்ப பிளேடை மாட்டிப் பார்த்ததில்தான் ஜிக்சா பிறந்தது. எங்கள் அம்மா தையல் ஊசி வாங்கப் போகும்போது பழைய ஊசியை ஒரு துண்டுத் துணியில் குத்தி எடுத்துப்போவார். அம்மா டிப்ளமோ படிக்கவில்லை!

நண்பர்களே, நாளை நாம் வேலைக்குப் போகும் இடத்திலும் யாராவது "டி-யா, யூ-வா?" என்று கேட்பார்கள். தெரியாவிட்டால் தெரியாது என்று சொல்லிவிடுவோம். நாம் சொல்லாததால் இன்னொருவர் தூக்கம் கெட வேண்டாம்.

— மூன்றாம் ஆண்டு இயந்திரவியல் மாணவன்