இந்துமதி கதிரேசனுக்கு, மணவாள நகரிலிருந்து

அன்புள்ள இந்துமதி,

என்னை உங்களுக்குத் தெரியாது. திருவள்ளூரில் ரயில் பாதைக்கு இந்தப் பக்கம், மணவாள நகரில் குடியிருக்கும் உடற்கல்வி ஆசிரியை நான். பள்ளி விட்டதும் பெண் பிள்ளைகள் சிலருக்குக் கால்பந்து சொல்லிக்கொடுக்கிறேன். உங்களுக்கு நன்றி சொல்ல வேண்டும் என்று ரொம்ப நாளாக மனதில் இருந்தது. அதை நாலு பேர் அறியச் சொன்னால், இந்தப் பகுதியில் பெண் பிள்ளைகளைப் பெற்றவர்களின் காதிலும் விழும் என்றுதான் திறந்த மடலாகவே எழுதுகிறேன்.

எங்கள் ஊரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். ஒரு பக்கம் காக்களூர் சிட்கோ, இன்னொரு பக்கம் மேல்நல்லாத்தூர், தெற்கே போனால் ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம். எந்த ஷிஃப்ட் எப்போது மாறுகிறது என்பதை ரோட்டில் போகும் கம்பெனி பஸ்களை வைத்தே சொல்லிவிடலாம். என்னிடம் ஆட வரும் பிள்ளைகளில் பலருக்கு அப்பாவும் கம்பெனி, அம்மாவும் கம்பெனி. அக்கா இருந்தால், பன்னிரண்டாம் வகுப்பு முடித்த கையோடு அவளும் அடையாள அட்டையை மாட்டிக்கொண்டு வேன் ஏறியிருப்பாள். அது கௌரவமான உழைப்பு. அந்தச் சம்பளத்தில்தான் வாடகை போகிறது, தம்பியின் ஃபீஸ் போகிறது. இப்படிப்பட்ட வீட்டில் ஒரு பெண் பிள்ளை பூட்ஸ் வேண்டும் என்று கேட்டால், அம்மா நேராக என்னிடம்தான் வருவார். "பந்து ஆடினா நாளைக்கு இவளுக்கு என்ன டீச்சர் கிடைக்கும்?"

அந்தக் கேள்வியில் தப்பே கிடையாது. உடல் ஆரோக்கியம், தன்னம்பிக்கை, ஒழுக்கம் என்று நான் எது சொன்னாலும் அது அந்த அம்மாவுக்குப் பதில் ஆகாது. இன்று நான் சொல்லும் பதில் உங்கள் பெயர். கடலூர்ப் பெண். 1994-இல் பிறந்தவர். இந்திய அணியின் நடுக்கள வீராங்கனை. தமிழ்நாடு காவல்துறையில் உதவி ஆய்வாளர். இந்த நான்கையும் ஒரே மூச்சில் சொல்லிவிட்டு, செல்போனில் உங்கள் படங்களைக் காட்டுவேன். ஒன்றில் நீல ஜெர்சி, இன்னொன்றில் காக்கி. பெரும்பாலான அம்மாக்கள் காக்கிப் படத்தைத்தான் அதிக நேரம் பார்ப்பார்கள். பிள்ளைகளின் கண் நீல ஜெர்சியை விட்டு நகராது. இரண்டும் ஒரே ஆள்தான் என்பது எனக்கு எவ்வளவு பெரிய உதவி தெரியுமா?

பந்து ஆடி வேலைக்குப் போவது சென்னைக்குப் புதிதல்ல. ஐ.சி.எஃப், தெற்கு ரயில்வே, இந்தியன் வங்கி, சுங்கத்துறை, வருமான வரித்துறை என்று சென்னை லீக்கில் ஆடிய அணிகள் பலவும் அலுவலக அணிகள்தாம். காலையில் மைதானம், பிறகு அலுவலகம், மாதம் பிறந்தால் சம்பளம் என்று எத்தனையோ ஆட்டக்காரர்களின் குடும்பம் ஓடியது. ஆனால் அந்த வரிசையில் நின்றவர்களில் அநேகமாக எல்லோருமே ஆண்கள். பெண்களுக்கும் அந்தக் கதவு திறக்கும் என்பதை ஒரு ஆள் உள்ளே போய் நின்று காட்ட வேண்டியிருந்தது. தமிழ்நாடு அரசு வேலைகளில் விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு இருக்கிறது என்று நான் சொன்னபோது வெறுமனே தலையாட்டியவர்கள், உங்கள் தோளில் இருக்கும் நட்சத்திரங்களைப் பார்த்த பிறகு, "எந்தச் சான்றிதழ் வேணும் டீச்சர்?" என்று கேட்கத் தொடங்கினார்கள்.

வேலை ஏன் இவ்வளவு முக்கியம் என்பதை வெளியில் இருப்பவர்களுக்குச் சொல்லியாக வேண்டும். இந்தியாவில் ஒரு பெண் தொழில்முறையாகக் கால்பந்து ஆடுகிறாள் என்றால், வருடம் முழுக்க ஆட்டம், வருடம் முழுக்கச் சம்பளம் என்று நினைத்துவிடுவார்கள். ஆனால் இந்திய மகளிர் லீக் தொடங்கியதே 2017-இல்தான். தொடக்க வருடங்களில் இறுதிச் சுற்று அணிகள் எல்லாவற்றையும் ஒரே ஊருக்கு வரவழைத்து, சில வாரங்களுக்குள் முழு லீக்கையும் முடித்துவிடுவார்கள். 2019-இல் மதுரையின் சேது எஃப்.சி. கோப்பையை வென்றது லூதியானாவில். 2023-இல் நீங்கள் இருந்த கோகுலம் கேரளா அணி இறுதிப் போட்டியில் 5-0 என்று வென்றது அகமதாபாத்தில். சொந்த ஊர் மைதானம், எதிரணி மைதானம் என்று மாறி மாறி ஆடும் முறை 2023-24-இல்தான் வந்தது, அதுவும் ஏழே அணிகளோடு. அந்தச் சில வாரங்களுக்காக மற்ற மாதங்கள் முழுக்க உடம்பைத் தயாராக வைத்திருக்க வேண்டும். கிளப் சம்பளம் இல்லாத மாதங்களிலும் முட்டையும் பாலும் வாங்கித்தானே ஆக வேண்டும்? இத்தனைக்கும் நடுவில் ஒருத்தி பத்து வருடத்துக்குக் கிட்ட இந்திய அணியில் நிலைத்திருக்கிறாள் என்றால், அந்த உழைப்பை ஸ்கோர் போர்டில் தேடிப் பயனில்லை.

இனி ஆட்டத்துக்கு வருகிறேன். இதைப் பற்றித்தான் உங்களோடு அதிகம் பேச ஆசை.

பிள்ளைகள் முதன்முதலாகப் பந்தைத் தொடும்போது எல்லோருக்கும் ஃபார்வர்டு ஆட வேண்டும். கோல் போட வேண்டும், கையைத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும். இரண்டொருத்தி கீப்பர் ஆகிறேன் என்பாள். நடுவில் நிற்கிறேன் என்று தானாக வந்த பிள்ளையை நான் பார்த்ததே கிடையாது. அந்த இடத்தில் ஓட்டம் அதிகம், பெயர் கம்மி. பின்வரிசை பந்தை எடுத்தால் வாங்கிக்கொள்ளப் பக்கத்தில் போய் நிற்க வேண்டும். முன்வரிசை இழந்தால் திருப்பிப் பிடுங்கத் திரும்பி ஓட வேண்டும். முதுகுக்குப் பின்னால் யார் வருகிறார்கள் என்று தெரியாமல் பந்தை வாங்கினால் அங்கேயே பறிபோய்விடும்.

அதனால்தான் உங்கள் ஆட்டங்களைப் போட்டுக் காட்டும்போது, "பந்தைப் பார்க்காதீங்க, இந்துமதி அக்கா தலையைப் பாருங்க" என்பேன். பந்து வருவதற்கு முன்பே வலத் தோளுக்கு மேலே ஒரு பார்வை, இடத் தோளுக்கு மேலே ஒரு பார்வை. பந்து காலுக்கு வரும்போது உடம்பு பாதி திரும்பி, போக வேண்டிய திசையைப் பார்த்து நிற்கும். முதல் தொடுதலே பந்தை எதிரியிடமிருந்து விலக்கி வைத்துவிடும். அதற்குப் பிறகு பாஸ் கொடுப்பது சுலபம், ஏனென்றால் யோசிக்க வேண்டியதை எல்லாம் பந்து வருவதற்கு முன்பே யோசித்து முடித்தாகிவிட்டது. சாலையைக் கடக்கும்போது இரண்டு பக்கமும் பார்ப்போமே, அதுபோலத்தான் என்று பிள்ளைகளிடம் சொல்வேன். கண்டெய்னர் லாரி ஓடும் ஊரில் வளரும் பிள்ளைகள், உடனே பிடித்துக்கொள்வார்கள்.

2019 மார்ச்சில் நேபாளத்தின் பிராட்நகரில் நடந்த தெற்காசிய சாம்பியன்ஷிப்பை எடுத்துக்கொள்ளுங்கள். அரையிறுதியில் வங்கதேசத்தை 4-0 என்று வென்றோம். அதில் இரண்டு கோல் உங்களுடையது. அந்தத் தொடரில் நீங்கள் அடித்தது நான்கு கோல். இறுதிப் போட்டியில் நேபாளத்தை, அதுவும் அவர்கள் சொந்த மண்ணில், 3-1 என்று வென்று இந்தியா தொடர்ந்து ஐந்தாவது முறையாகக் கோப்பையை எடுத்தது. நடுவில் ஆடுகிறவளுக்கு கோல் கிடைக்காது என்று முகம் சுருக்கும் பிள்ளைகளிடம் இந்தக் கணக்கைச் சொல்வேன். பந்து எங்கே போகப் போகிறது என்று முன்கூட்டியே தெரிந்தவளுக்கு, கோல் பெட்டிக்குள் எப்போது நுழைய வேண்டும் என்பதும் தெரிந்திருக்கும் அல்லவா? முன்பு எல்லோரும் ஃபார்வர்டு கேட்டார்கள். இப்போது என் அணியில் நடுக்களத்துக்குப் போட்டி இருக்கிறது. இதற்காகவே உங்களுக்குத் தனியாக ஒரு நன்றி.

உங்கள் காலத்தில் நடந்த இன்னோர் ஆட்டமும் என் மனதில் பதிந்து கிடக்கிறது. 2021 நவம்பர் 25, பிரேசிலின் மனௌஸ் நகரம். இந்தியா 1-6 என்று தோற்ற ஆட்டம். மனிஷா கல்யாண் எட்டாவது நிமிடத்திலேயே பிரேசில் வலைக்குள் பந்தை அடித்ததை எல்லோரும் நினைவு வைத்திருக்கிறார்கள். எனக்கு அது பிரேசிலின் ஃபோர்மிகா விடைபெற்ற ஆட்டம். 1995-இல் தொடங்கி ஏழு உலகக் கோப்பைகள், 1996-இல் தொடங்கி ஏழு ஒலிம்பிக்குகள் ஆடிய நடுக்கள வீராங்கனை. பெண்கள் கால்பந்து ஆடக் கூடாது என்று பிரேசிலில் 1941-இலிருந்து சட்டமே இருந்தது. அது நீங்கியது 1979-இல். ஃபோர்மிகா பிறந்தது 1978-இல். தன் நாட்டில் தடை இருந்த காலத்தில் பிறந்த ஒரு பெண் நாற்பத்து மூன்று வயதில் தேசிய ஜெர்சியைக் கழற்றிய அந்த இரவில், எதிர்ப்பக்கம் இருந்தது நம் அணி. தோல்வி பெரியதுதான், மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் இந்தியப் பெண்கள் பிரேசிலோடு சீனியர் ஆட்டம் ஒன்றில் மோதினார்கள் என்பதே எங்கள் தலைமுறை ஆசிரியைகளுக்குக் கனவில் வராத விஷயம்.

2020-ஐப் பற்றிச் சொல்லாமல் இந்த மடல் முடியாது. ஊரடங்கு வந்தது. லீக் இல்லை, கேம்ப் இல்லை, மைதானங்கள் பூட்டிக் கிடந்தன. இந்திய அணியின் மற்ற வீராங்கனைகள் வீட்டு மாடியிலும் தோட்டத்திலும் பயிற்சி செய்துகொண்டிருந்தபோது, நீங்கள் சென்னைத் தெருக்களில் முகக்கவசத்தோடு பணியில் இருந்தீர்கள். அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்குப் பெருமையைவிடக் கவலைதான் அதிகமாக இருந்தது. வெயிலில் மணிக்கணக்காக நின்றுவிட்டு வந்த காலை வைத்துக்கொண்டு, ஒருத்தி எப்போது ஓடுவாள், எப்போது தூங்குவாள்? எங்கள் பகுதியில் அந்த மாதங்களில் கம்பெனிகள் மூடிக் கிடந்தன. வெளிமாநிலத் தொழிலாளர்கள் மூட்டை முடிச்சோடு ஊர் திரும்ப வழி தேடி நின்றார்கள். அப்படி ஒரு காலத்தில் ஆட்டத்தையும் கடமையையும் ஒன்றுக்காக மற்றதை விட்டுவிடாமல் வைத்திருந்தீர்கள்.

பிறகு 2022 ஜனவரி. ஆசியக் கோப்பை நம் நாட்டில். நவி மும்பையில் ஈரானோடு 0-0. மூன்று நாள் கழித்துச் சீன தைபேயோடு ஆட்டம். அணிக்குள் கொரோனா பரவியதால் களமிறக்கப் போதுமான ஆட்கள் இல்லாமல் போட்டியிலிருந்தே இந்தியா வெளியேற நேர்ந்தது. அந்த அணியில் நீங்களும் இருந்தீர்கள். உலகக் கோப்பைக்குப் போகும் வழி அந்த ஆட்டத்தை ஆடாமலேயே அடைபட்டது. அன்று எங்கள் வீட்டு டி.வி. முன்னால் உட்கார்ந்திருந்த பிள்ளைகளுக்கு என்ன சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை. ஒருத்தி மட்டும், "இந்துமதி அக்கா அடுத்த மேட்ச் எப்போ ஆடுவாங்க?" என்று கேட்டாள். அடுத்த வருடம் ஜூனில் அமிர்தசரஸில் தமிழ்நாடு அணி ஹரியானாவை 2-1 என்று வென்று, 2018-க்குப் பிறகு இரண்டாவது முறையாகத் தேசிய சாம்பியன் ஆனது. 2023-24-க்கான இந்தியாவின் சிறந்த வீராங்கனை விருதைக் கால்பந்துக் கூட்டமைப்பு உங்களுக்கு அறிவித்தது. கேட்ட பிள்ளைக்குப் பதில் கிடைத்துவிட்டது.

உங்களுக்குச் சொல்லும் நன்றியில் ஒரு பங்கு கடலூருக்கும் சேர வேண்டும். சுனாமியில் அடிபட்ட கரை அது. அங்கே பயிற்சியாளர் மாரியப்பனும் இந்திரா காந்தி விளையாட்டு, கல்வி அகாடமியும் பெண் பிள்ளைகளைத் திரட்டிப் பந்தைக் கொடுத்தார்கள். அரசுக் காப்பகத்தில் வளர்ந்த சந்தியா ரங்கநாதன் அங்கிருந்துதான் இந்திய அணிக்கு வந்தார். பெரிய ஸ்டேடியமோ பெரிய முதலாளியோ இல்லாத ஊர். எங்களுக்குச் சிட்கோ போல உங்களுக்கு சிப்காட். அங்கே நடந்தது இங்கே நடக்காது என்று இனி யாரும் என்னிடம் சொல்ல முடியாது. நடக்க வேண்டுமென்றால் மாவட்ட அளவில் பெண்களுக்கு மாதக்கணக்கில் நீளும் ஒரு லீக் வேண்டும். மண்டலப் போட்டியில் முதல் சுற்றிலேயே தோற்றால் அந்த வருடமே முடிந்துபோகிற இன்றைய நிலையில், நடுக்கள ஆட்டம் யாருக்கும் வளராது. கோல் அடிக்கத் திறமை மட்டும்கூடப் போதும். நடுவில் நின்று முடிவெடுக்க, ஆடி ஆடித்தான் பழக வேண்டும். உங்களைப் போன்றவர்கள் ஒரு வார்த்தை சொன்னால் கேட்க வேண்டியவர்கள் கேட்பார்கள்.

கடைசியாக, பிள்ளைகள் உங்களிடம் கேட்கச் சொன்ன கேள்விகள் சில இருக்கின்றன. இரவுப் பணி முடிந்து வந்த காலையில் நீங்கள் ஓடுவீர்களா, தூங்கிவிட்டு மாலையில் ஓடுவீர்களா? அம்மாவுக்கு நைட் ஷிஃப்ட் என்பதால் விடியற்காலையில் தம்பியைக் கிளப்பிவிட்டு வரும் பிள்ளை கேட்டது இது. இடது காலைப் பழக்க உங்களுக்கு எவ்வளவு காலம் பிடித்தது? பள்ளியில் படிக்கும்போது உங்களைவிட உயரமான பெண்களிடம் பந்தை எப்படிக் காப்பாற்றினீர்கள்? நேரம் கிடைக்கும்போது பதில் சொல்லுங்கள். சென்ட்ரலிலிருந்து அரக்கோணம் போகும் மின்சார ரயிலில் ஏறினால் திருவள்ளூரில் இறங்கி நடக்கும் தூரம்தான். நீங்களே வந்து சொன்னாலும் எங்களுக்குச் சந்தோஷம். சனிக்கிழமை மாலைகளில் பயிற்சி இருக்கும்.


உடற்கல்வி ஆசிரியை ஒருவர்,
மணவாள நகர், திருவள்ளூர்.