மரத்தடிப் பேச்சு

பிப்ரவரி 9

உகாண்டாவின் வடகிழக்கு மூலையில் கரமோஜா. அங்கே வாழும் ஜியே மக்களுக்குச் செல்வம், உறவு, சோறு எல்லாமே மாடுதான். 1968-இல் ஆவணப்பட இயக்குநர் டேவிட் மெக்டூகலும் அவர் மனைவி ஜூடித்தும் அவர்களோடு தங்கிப் படம் பிடித்தார்கள்; கேமரா அவர், ஒலிப்பதிவு இவர். அப்படி உருவான ‘டு லிவ் வித் ஹெர்ட்ஸ்’ 1972-இல் வெனிஸ் விழாவில் பரிசு பெற்றது. கறுப்பு வெள்ளையில் 70 நிமிடம். இன்றிரவு ஒரே மூச்சில் பார்த்து முடித்தேன்.

அந்தக் காலத்துப் பழங்குடிப் படங்களில் ஒரு கனத்த குரல் மேலேயிருந்து பேசும். இவர்கள் இதை உண்பார்கள், இதைக் கும்பிடுவார்கள் என்று அது அடுக்கிக்கொண்டே போக, திரையில் இருப்பவர்களின் வாய் மட்டும் அசையும். மெக்டூகல் தம்பதி ஜியே பேச்சை அப்படியே ஒலிக்க விட்டு, கீழே சப்டைட்டில் போட்டார்கள். இன்று சாதாரணமாகத் தெரிகிற இந்தக் காரியத்தை அன்று செய்தவர்கள் வெகு சிலர். மாடு மேய்க்கும் குடும்பத் தலைவர் ஒருவர் தன் வளவைச் சுற்றிக் காட்டும்போது அவருடைய பெருமிதமும் கவலையும் அவர் குரலிலேயே நம்மிடம் வந்து சேர்கின்றன.

பிப்ரவரி 11

‘அண்டர் தி மென்ஸ் ட்ரீ’. ஜியே மக்களிடம் அப்போதே எடுத்தது. 15 நிமிடச் சின்னப் படம். மாட்டுப் பட்டியருகே ஒரு மரம். ஆண்கள் நிழலில் சாய்ந்துகொண்டு தோல் வேலை பார்க்கிறார்கள், ஊர்க்கதை பேசுகிறார்கள். பேச்சு மெல்ல வெள்ளைக்காரரின் மோட்டார் வண்டிப் பக்கம் திரும்புகிறது. அதை அக்குவேறு ஆணிவேறாக அலசுகிறார்கள். ஆராய வந்தவர்களை அந்த மரத்தடி ஆராய்கிறது! எனக்கு எல்லாவற்றிலும் பிடித்தது இதுதான். நாம் உற்றுப் பார்க்கும் மனிதர் நம்மையும் எடைபோட்டுக்கொண்டுதான் இருக்கிறார். அந்தக் கணிப்புக்கும் படத்தில் இடம் வேண்டும்.

பிப்ரவரி 15

மெக்டூகல் 1975-இல் வெளியிட்ட ‘பியாண்ட் அப்சர்வேஷனல் சினிமா’ கட்டுரையைப் படித்தேன். தாம் கையாண்ட முறையையே அதில் கேள்விக்குள்ளாக்குகிறார். குறுக்கிடாமல் ஓரமாக நின்று பார்ப்பதில் மரியாதை இருக்கிறது, சரி. ஆனால் கேமராவே அங்கு இல்லாததுபோல் நடந்துகொள்ளும் படக்காரர், தன்னை மூடிக்கொண்டு மற்றவரை மட்டும் மனம் திறக்கச் சொல்கிறார். ‘கேமராவைப் பார்க்காதீங்க’ என்று எந்த ஊரிலும் யாரிடமும் சொல்லக் கூடாது என்றே எனக்குப் படுகிறது. வீடு தேடி வந்த விருந்தாளியை வீட்டுக்காரர்கள் பார்க்காமல் வேறு யார் பார்ப்பது?

பிப்ரவரி 22

கென்யாவின் வடமேற்கில் துர்கானா மக்களிடையே 1973-74-இல் படம் பிடித்து, பின்னர் ஒவ்வொன்றாக வெளிவந்த மூன்று படங்கள். இவற்றில் மெக்டூகல் தம்பதி வெளிப்படையாகவே கேள்வி கேட்கிறார்கள்.

‘தி வெட்டிங் கேமல்ஸ்’ படத்தில் பெண்ணைக் கட்டப்போகிறவர் அவள் அப்பா லோராங்கின் சிநேகிதர். பரிசமாக எத்தனை ஒட்டகம், எத்தனை மாடு என்ற பேரம் இழுத்துக்கொண்டே போகிறது. சிநேகிதத்துக்காக விட்டுக்கொடுக்கலாம், ஆனால் பங்கு எதிர்பார்த்துச் சுற்றி உட்கார்ந்திருக்கும் சொந்தபந்தத்துக்கு யார் பதில் சொல்வது? யார் பக்கம் நியாயம் என்று படம் தீர்ப்புச் சொல்வதில்லை. நானும் இரண்டு பக்கமும் மாறி மாறிச் சாய்ந்தேன்.

இந்த லோராங்கைப் பற்றியே ‘லோராங்ஸ் வே’ என்று தனிப் படம் உண்டு. பட்டாளத்தில் இருந்து வெளியுலகைப் பார்த்துவிட்டு ஊர் திரும்பி, மந்தையைப் பெருக்கி, பெரிய குடும்பத்துக்குத் தலைவரானவர். துர்கானா வாழ்க்கை எங்கே வலுவானது, எங்கே ஆட்டம் காணும் என்பதையெல்லாம் கேமரா வருவதற்கு வெகு காலம் முன்பே அவர் யோசித்து வைத்திருக்கிறார். இவர்கள் கேட்கிறார்கள், அவர் நிதானமாக விளக்குகிறார்.