ரெண்டாவது அடியில் சாகிறேனே, ஸார்!

ஹாங்காங் போகிறவர்கள் பீக் டிராமில் ஏறி ஊரை மேலேயிருந்து பார்ப்பார்கள். நான் ஷாவ் கெய் வான் ஸ்டேஷன் வாசலில் 9-ம் நம்பர் பஸ்ஸுக்கு நின்றேன்.

"ஷெக் ஓ-வுல என்ன இருக்கு?" என்றார் கூட வந்த ஆபீஸ் நண்பர்.

"ஒரு துணை நடிகன் கத்தின கடல் இருக்கு."

என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தவர், ஷாப்பிங் கிளம்பிவிட்டார்.

மலைப்பாதையில் குலுங்கிக் குலுங்கி பஸ் இறங்கினால், தீவின் தென்கிழக்கு மூலையில் ஷெக் ஓ. குறுகலான சந்துகள், சின்னச் சின்ன வீடுகள், பாறை, மணல். வானளாவும் கட்டடங்களைக் காணோம். ஹாங்காங்தானா என்று சந்தேகம் வருகிறது!

ஸ்டீஃபன் சௌ 1999-ல் 'கிங் ஆஃப் காமெடி'யை எடுத்தது இங்கேதான். நடித்ததோடு, லீ லிக் சியுடன் சேர்ந்து டைரக்ஷனும் செய்தார். கதாநாயகன் ஒரு எக்ஸ்ட்ரா. கையில் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் நடிப்புப் புத்தகம், வயிற்றில் பசி. ஷூட்டிங்கில் சாப்பாட்டுப் பொட்டலம்கூடக் கொடுக்க மாட்டேன் என்கிறார்கள். கடலைப் பார்த்துத் தனக்குத்தானே தைரியம் சொல்லிக் கத்துகிறான்.

கத்தியது சௌவேதான் என்று சொல்லலாம். டி.வி.பி. டெலிவிஷனின் நடிப்புப் பயிற்சிக்கு நண்பர் டோனி லியுங்கை வற்புறுத்தி அழைத்துப் போனார். நண்பருக்கு இடம் கிடைத்தது, இவருக்கு 'நோ'! பிறகு இரவு வகுப்பில் எப்படியோ நுழைந்தார். வேலை? குழந்தைகள் நிகழ்ச்சியில் தொகுப்பாளர்!

1983-ல் ஒரு டி.வி. தொடரில் சிப்பாய் வேஷம். ஒரே அடியில் சாக வேண்டும். "முதல் அடியைத் தடுத்துட்டு, ரெண்டாவது அடியில சாகிறேனே?" என்று கேட்டார். நேரமில்லை என்று மறுத்துவிட்டார்கள். நம் ஆபீஸ்களில் புது யோசனை சொல்கிறவனுக்குக் கிடைக்கும் அதே பதில்!

'கிங் ஆஃப் காமெடி'யில் ஒரு காட்சி. பாதிரியார் வேஷத்தில் குண்டடிபட்ட நாயகன், லேசில் சாக மாட்டேன் என்று நடித்துக்கொண்டே இருப்பான். யூனிட்டே தலையில் அடித்துக்கொள்ளும். தியேட்டரில் சிரிப்பு. எனக்கு மட்டும் தொண்டையில் ஏதோ அடைத்தது.

1990-ல் 'ஆல் ஃபார் தி வின்னர்' அவரை ஸ்டாராக்கியது. ஆனாலும் அடுத்தவர் சொன்னபடி சாக அவருக்கு இஷ்டமில்லை. 1994-லேயே 'ஃப்ரம் பெய்ஜிங் வித் லவ்' மூலம் டைரக்ஷனில் கை வைத்தார். 'ஷாலின் சாக்கர்' (2001) ஹாங்காங்கில் மட்டும் 6 கோடி ஹாங்காங் டாலர் வசூல். சிறந்த படம், டைரக்டர், நடிகர் மூன்று விருதுகளும் ஹாங்காங் ஃபிலிம் அவார்ட்ஸில் அதற்கே! 2004-ல் 'குங்ஃபூ ஹஸில்'. 2016-ல் 'தி மெர்மெய்ட்' சீனாவில் 300 கோடி யுவானைத் தாண்டியபோது, அவர் கேமராவுக்குப் பின்னால் மட்டுமே இருந்தார்.

அன்றைக்கு அந்த யூனிட் மிச்சம் பிடித்தது சில விநாடிகள்தான். பதினாறு வருஷம் கழித்து ஷெக் ஓ-வில் அதை வட்டியோடு வசூலித்துவிட்டார் மனிதர்!